தேவதூதருக்குக் கால் எத்தனை?
குஸ்தாவ் தியோடர் ஃபெக்னருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய ஃபெக்னர் ஐயா,

நிலவு அயோடினால் ஆனது என்று இருபது வயதில் நிரூபித்துப் புத்தகம் போட்டவர் நீங்கள். அது 1821. லைப்சிக் நகரில் மருத்துவம் படித்துக்கொண்டிருந்தீர்கள். அப்போதுதான் அயோடின் புது மருந்தாக வந்திருந்தது. டாக்டர்கள் கண்ட நோய்க்கெல்லாம் அதையே எழுதிக்கொடுத்தார்கள். எல்லாவற்றுக்கும் அயோடின் என்றால் நிலவை மட்டும் விட்டுவைப்பானேன் என்று, டாக்டர் மீசஸ் என்ற புனைபெயரில் ஒரு குறும்பு செய்தீர்கள். நான்கு வருடம் கழித்து அதே டாக்டர் மீசஸ் தேவதூதர்களின் உடற்கூறியலை எழுதினார். பூரானுக்குக் கால்கள் ஏராளம், பூச்சிக்கு ஆறு, மாட்டுக்கு நாலு, மனிதனுக்கு இரண்டு. படி ஏற ஏறக் கால் குறைகிறது. அப்படியானால் மனிதனுக்கும் மேலே இருக்கிற தேவதூதருக்குக் கால் எதற்கு? உருவங்களில் முழுமையானது உருண்டை. உறுப்புகளில் சிறந்தது கண். ஆகவே தேவதூதர் என்பவர் தனியே மிதக்கும் ஓர் உருண்டைக் கண். அவர் பேசுவது நிறங்களால். அவர் யாரென்றால், வானத்தில் சுற்றும் கோள்.

ஊர் இதைக் கேலி என்று எடுத்துக்கொண்டது. நீங்களும் அப்படியே எடுத்துக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டீர்கள். ஆனால் 1851-ல் ‘ஜெண்ட் அவெஸ்தா’ என்று தலைப்பிட்டு, இந்தமுறை சொந்தப் பெயரிலேயே, பூமிக்கு உயிர் உண்டு, அதுவே நம்மைத் தாங்குகிற தேவதூதர் என்று எழுதினீர்கள். அதில் கேலி இல்லை. அதற்கு ஒன்பது வருடம் கழித்து வந்த உங்கள் இன்னொரு புத்தகம், மனித உணர்வை எண்ணால் அளக்க முடியும் என்று காட்டி ஒரு புதிய அறிவியலையே தொடங்கிவைத்தது. இரண்டையும் எழுதியது ஒரே கை. அந்தக் கைக்குத்தான் இந்த நன்றி மடல்.

எங்கள் ஊரில் அறிவியலும் சாமியும் சந்திக்கிற முச்சந்தி எப்போதும் கொஞ்சம் சத்தமான இடம். எங்கள் பெரியப்பா கறுப்புச் சட்டைக்காரர். பெரியம்மா வெள்ளிக்கிழமை விளக்குப் பூஜையைத் தவறவிடாதவர். இரண்டு பேருக்கும் நடுவில் உட்கார்ந்து சாப்பிட்டு வளர்ந்தவன் நான். அவர்கள் இருவரோடும் எனக்குச் சண்டையே இல்லை; அவரவர் நிற்கிற இடம் அவரவருக்குத் தெரியும். சங்கடமெல்லாம் மூன்றாவது வகையினரிடம்தான். திருநள்ளாறு கோயிலுக்கு மேலே பறக்கிற செயற்கைக்கோள் சில வினாடி நின்றுவிட்டுப் போகிறதாம், நாசாவே ஒப்புக்கொண்டதாம் என்று விடியற்காலையில் செல்பேசிக்கு அனுப்புகிறார்களே, அவர்களிடம். சுற்றுப்பாதையில் ஓடுகிற எதுவும் நடுவில் நின்று மூச்சு வாங்கிக்கொண்டு மறுபடி ஓட முடியாது. அது ஒருபக்கம் இருக்கட்டும். சனீஸ்வரனை நம்புவதற்கு நாசாவின் கையெழுத்து எதற்கு என்பதுதான் எனக்கு விளங்காதது. நம்பிக்கையையும் மட்டுப்படுத்தி அறிவியலையும் மட்டுப்படுத்துகிற இந்த வேலையைப் பார்த்துச் சலித்த நாட்களில்தான் உங்களைப் படிக்க ஆரம்பித்தேன். அவர்களையெல்லாம் விட ஆயிரம் மடங்கு வினோதமான நம்பிக்கை உங்களுடையது. ஆனால் நீங்கள் யார் கையெழுத்தையும் தேடிப் போகவில்லை. தராசைத் தேடிப் போனீர்கள்.

அது உங்கள் அப்பா கொடுத்த சீதனம் என்று நினைக்கிறேன். லுசேஷியாப் பகுதியில் குரோஸ் சேர்ஹென் என்ற சிற்றூர், இப்போது போலந்தில் இருக்கிறது. அங்கே அவர் லூத்தரன் சபையின் போதகர். கோயில் கோபுரத்தில் இடிதாங்கி வைத்தார். கடவுளின் வீட்டைக் கடவுள் பார்த்துக்கொள்ள மாட்டாரா, இந்த இரும்புக்கம்பிதான் காக்குமா என்று ஊர் முணுமுணுத்தது. இன்னொரு நாள் விக் வைக்காமல் பிரசங்க மேடையில் ஏறிவிட்டார். கேட்டதற்கு, இயேசுநாதர் விக் வைத்துக்கொண்டா பேசினார் என்றாராம். உங்களுக்கு ஐந்து வயதாகும்போதே அவர் போய்விட்டார். ஆனால் இடிதாங்கியும் ஜெபமும் ஒரே கோபுரத்தில் இருக்கலாம் என்பதைக் காட்டிவிட்டுத்தான் போயிருக்கிறார்.

மருத்துவம் படித்தும் நீங்கள் வைத்தியம் பார்க்கவில்லை. பிழைப்புக்காகப் பிரெஞ்சிலிருந்து பியோவின் இயற்பியலையும் தெனாரின் வேதியியலையும் தொகுதி தொகுதியாக மொழிபெயர்த்தீர்கள். வீட்டுக் கலைக்களஞ்சியம் ஒன்றின் எட்டுத் தொகுதிகளுக்குப் பொறுப்பேற்று, அதில் மூன்றில் ஒரு பங்கை நீங்களே எழுதினீர்கள். 1834-ல் லைப்சிக் பல்கலைக்கழகத்தில் இயற்பியல் பேராசிரியர் பதவி வந்தது. நம் ஆட்களாக இருந்தால் அங்கேயே சாய்ந்து உட்கார்ந்திருப்பார்கள். நீங்களோ, ஒரு வண்ணத்தைப் பார்த்துவிட்டுக் கண்ணைத் திருப்பினால் எதிர்வண்ணம் மிதக்கிறதே, அது ஏன் என்று ஆராயப் போய், நிறக் கண்ணாடி வழியாகச் சூரியனை உற்று உற்றுப் பார்த்தீர்கள்.

கண் போயிற்று. கண் மட்டுமா? 1840 வாக்கில் தொடங்கிய அந்த மூன்று வருடத்தைப் படிக்கும்போது எனக்கு இன்னமும் வயிற்றைப் பிசைகிறது. வெளிச்சம் ஊசியாகக் குத்தியது. அறையை இருட்டாக்கினார்கள். வெளியே வந்தால் கண்ணை மூடும் முகமூடி. புத்தகம் படித்தே வாழ்ந்த மனிதருக்குப் படிப்பு இல்லை, எழுத்து இல்லை. பேசுவதும் தாங்கவில்லை. மனம் உங்கள் சொல் கேட்கவில்லை. எண்ணங்கள் தாமாகக் கிளம்பி ஓடின, அவற்றை இழுத்துக் கட்டுவதே நாள் முழுக்க வேலை. நூல் சுற்றுவது போன்ற கைவேலைகளில் பொழுதைத் தள்ளினீர்கள். பிறகு சாப்பாடும் நின்றது. எதை உண்டாலும் வயிறு ஏற்கவில்லை. எலும்பும் தோலுமாக ஆகி, முடிந்தது கதை என்று எல்லாரும் எண்ணிய நேரத்தில், குடும்பத்துக்குத் தெரிந்த பெண்மணி ஒருவருக்குக் கனவு வந்தது. காரசாரமாக மசாலா போட்டு, ரைன் ஒயினிலும் எலுமிச்சைச் சாற்றிலும் ஊறவைத்த பன்றித் தொடைக்கறி. அதை அவர் சமைத்து உங்களுக்குக் கொடுப்பதாகக் கனவு. மறுநாள் சமைத்துக் கொண்டும் வந்துவிட்டார். கஞ்சியே இறங்காத வயிற்றில் காரக்கறி இறங்கியது! அதிலிருந்து உடம்பு கொஞ்சம் கொஞ்சமாகத் தேறியது. எங்கள் பாட்டிமார் யாரிடமாவது இதைச் சொன்னால் வியக்கவே மாட்டார்கள். எந்த அம்மன் கனவில் வந்தாள் என்று மட்டும் கேட்பார்கள்.

இந்த இடத்தில் கிளாரா அம்மாவுக்கும் நன்றி சொல்ல வேண்டும். 1833-ல் உங்களைக் கைப்பிடித்தவர். இருட்டறைக்கு வெளியே அந்த மூன்று வருடத்தையும் சுமந்தவர் அவர். பிள்ளை இல்லாத வீட்டில் குழந்தைகளுக்கான கதைகள் எழுதியவர். வரலாறு எழுதுகிறவர்கள் அவரை ஒரே வரியில் கடந்துவிடுகிறார்கள். நானும் ஒரு பத்தியில்தான் கடக்கிறேன். என்ன செய்வது, எழுதிவைத்திருப்பது அவ்வளவுதான்.

1843 அக்டோபர். கண்கட்டை அவிழ்த்துவிட்டுத் தோட்டத்துக்குள் நடந்தீர்கள். பூக்கள் எல்லாம் உள்ளிருந்து ஒளி விட்டன. ஒவ்வொரு செடிக்கும் உள்ளே ஓர் ஆன்மா நின்று உங்களைப் பார்ப்பதுபோல் இருந்தது. மூன்று வருட இருட்டுக்குப் பிறகு வெளிச்சத்தைக் காணும் கண்ணுக்கு அப்படித்தான் தெரியும் என்று ஒரு கண் மருத்துவர் எளிதாகச் சொல்லிவிடுவார். அது உங்களுக்கும் தெரியாமல் இருக்காது. கண்ணின் எதிர்பிம்பத்தைப் பற்றி அன்று ஐரோப்பாவில் உங்களைவிட அதிகம் தெரிந்தவர்கள் சிலரே. தெரிந்தும், கண்டதைக் கண்டதில்லை என்று சொல்ல உங்களுக்கு மனம் வரவில்லை. 1848-ல் ஜெர்மனி முழுக்கத் தெருவில் புரட்சி நடந்துகொண்டிருந்தபோது நீங்கள் வெளியிட்டது ‘நன்னா’, தாவரங்களின் ஆன்ம வாழ்வு பற்றிய நூல்.

செடிக்கு நரம்பு இல்லையே, எப்படி உணரும் என்றார்கள். பிடிலில் தந்தியை அறுத்தால் ஓசை நின்றுவிடுகிறது, அதனால் தந்தியே இல்லாத புல்லாங்குழல் ஊமை என்று முடிவு கட்டுவீர்களா என்று திருப்பிக் கேட்டீர்கள். இதைப் படிக்கிற தமிழருக்குப் பெரிய அதிர்ச்சி இருக்காது. உயிர்களை அறிவால் வகுத்த தொல்காப்பியம், புல்லையும் மரத்தையும் தொடுவுணர்வு உள்ள ஓரறிவுயிராக முதல் படியில் வைத்தது. முல்லைக்குத் தேர் கொடுத்தவனை நாங்கள் வள்ளல் என்கிறோம், பைத்தியம் என்று சொன்னதில்லை. ஆனால் ஜெர்மனியில் சொன்னார்கள். செல் கோட்பாட்டை உருவாக்கியவர்களில் ஒருவரான தாவரவியலாளர் ஷ்லைடன் உங்களைக் கிண்டல் செய்தார். நிலவு வானிலையைப் பாதிக்கிறது என்பதுபோலவே இதுவும் ஒரு மூடநம்பிக்கை என்றார்.

நீங்கள் எழுதிய பதில் எனக்கு மிகவும் பிடித்தது. ‘பேராசிரியர் ஷ்லைடனும் நிலவும்’ என்று 1856-ல் ஒரு முழுப் புத்தகமே எழுதினீர்கள். வானிலைப் பதிவேடுகளைப் புரட்டி, நிலவின் பிறைகளுக்கும் மழைக்கும் ஏதாவது தொடர்பு உண்டா என்று எண் எண்ணாகப் பார்த்தீர்கள். கூடவே ஒரு யோசனையும் சொன்னீர்கள். துணி துவைக்க மழைநீர் பிடித்துவைக்கிற இல்லத்தரசிகளிடமே இந்த வழக்கை விட்டுவிடலாம். திருமதி ஷ்லைடன் ஒரு பிறைக் காலத்திலும் என் மனைவி மறு பிறைக் காலத்திலும் வாளி வைக்கட்டும், யார் வாளியில் அதிகம் விழுகிறது என்று பார்த்துவிடுவோம் என்று. கேலி செய்தவரோடு சண்டைக்கு நிற்காமல், வாளியை வைத்து அளப்போம் வாருங்கள் என்று கூப்பிட்டீர்களே, அதைத்தான் நான் உங்களிடம் படித்த முதல் பாடமாக வைத்திருக்கிறேன்.

இனி 1850 அக்டோபர் 22. தேதியை நீங்களே குறித்துவைத்திருக்கிறீர்கள். காலையில், படுக்கையை விட்டு எழுமுன். பல வருடமாக உங்களை அரித்த கேள்வி ஒன்று உண்டு. உடலும் உள்ளமும் ஒரே பொருளின் இரு முகங்கள் என்பது உங்கள் நம்பிக்கை. வெளியிலிருந்து பார்த்தால் உடல், உள்ளிருந்து பார்த்தால் உள்ளம். செடிக்கும் அப்படி, பூமிக்கும் அப்படி, மொத்தப் பிரபஞ்சத்துக்கும் அப்படி. சரி, இரண்டும் ஒன்றென்றால் இரண்டுக்கும் நடுவே ஒரு கணக்கு இருந்தாக வேண்டுமே. வெளியே தூண்டல் இவ்வளவு கூடினால் உள்ளே உணர்வு எவ்வளவு கூடும்? அன்று காலை பொறி தட்டியது: வெளியே பெருக்கல், உள்ளே கூட்டல்.

லைப்சிக்கிலேயே உடலியலாளர் எர்ன்ஸ்ட் ஹைன்ரிஹ் வேபர் இதற்கு முன்பே கைகளில் எடை வைத்துப் பார்த்திருந்தார். கையில் இருக்கிற எடை கொஞ்சம் கூடியிருப்பது தெரிய வேண்டுமானால், ஏறத்தாழ அந்த எடையில் முப்பதில் அல்லது நாற்பதில் ஒரு பங்காவது கூட வேண்டும். ஒரு கிலோ காய்கறிப் பையில் முப்பது கிராம் கூடினால் கைக்குத் தெரியலாம். பத்துக் கிலோ அரிசிப் பையில் அதே முப்பது கிராமைப் போட்டால் தெரியாது. அங்கே முந்நூறு வேண்டும். வேபர் இதை ஒரு சுவையான தகவலாகச் சொல்லி நிறுத்திக்கொண்டார். நீங்கள் அதைப் படிக்கட்டாக்கினீர்கள். ஒவ்வொரு முறை ‘ஆமாம், கூடியிருக்கிறது’ என்று உணரும்போதும் உள்ளே ஒரு படி ஏறுகிறது; அதே நேரம் வெளியே அளவு ஒரே விகிதத்தில் பெருகுகிறது. கணக்கில் இதற்குப் பெயர் மடக்கை. உணர்வு தூண்டலின் மடக்கையாக வளர்கிறது. பள்ளியில் மடக்கை அட்டவணையை வைத்துக்கொண்டு அழுத யாரும், அது தங்கள் காதுக்குள்ளும் கண்ணுக்குள்ளும் ஓடிக்கொண்டிருந்தது என்று நினைத்திருக்க மாட்டார்கள்.

இதுவரை வந்தது பொறி. இப்படிப் பொறி தட்டியவர்கள் எங்கள் ஊரிலும் ஏராளம். பெரும்பாலும் மறுநாளே ஆசிரமம் கட்டிவிடுவார்கள். நீங்கள் எடை தூக்க உட்கார்ந்தீர்கள். இரண்டு பாத்திரம், ஒன்றில் கொஞ்சம் கூடுதல் எடை. தூக்கு, எது கனம் என்று சொல், சரியா தவறா என்று எழுது. மறுபடி தூக்கு. ஒரு கையால், இரு கையால், இந்த வரிசையில், அந்த வரிசையில். ஒரே ஒரு சோதனைத் தொடரில் மட்டும் நீங்கள் எழுதிவைத்த தீர்ப்புகள் 24,576. தூக்கியவரும் நீங்களே, எழுதியவரும் நீங்களே. பிரபஞ்சம் உயிருள்ளது என்று பூந்தோட்டத்தில் கண்டவர், அந்தக் காட்சியின் பெயரால் இருபத்து நாலாயிரத்துச் சொச்சம் தடவை எடை தூக்கியிருக்கிறார்! எந்தப் பக்தருடைய அங்கப்பிரதட்சிணத்துக்கும் இது குறைந்ததில்லை. 1860-ல் இரண்டு தொகுதிகளாக வந்தது ‘உளஇயற்பியலின் அடிப்படைகள்’.

இதில் நான் கவனிப்பது இன்னொன்று. 24,576 தீர்ப்பும் கைக்கு வந்தபின், பாருங்கள், பூமிக்கு ஆன்மா இருப்பது நிரூபணமாகிவிட்டது என்று நீங்கள் எழுதவில்லை. எடை தூக்கியதால் தெரிந்தது எடையைப் பற்றித்தான். ஆன்மாவைப் பற்றிய பேச்சு ஒப்புமையால் நடக்கும் பேச்சு என்று ஒப்புக்கொண்டே அதைத் தனிப் புத்தகங்களில் தொடர்ந்தீர்கள். நம்பிக்கை உங்களை வேலைக்கு அனுப்பியது. கூலியை அது கேட்கவில்லை.

உங்கள் விதி எங்கள் ஊருக்கும் வந்திருக்கிறது, தெரியுமா? வெறும் கண்ணுக்குத் தெரியும் நட்சத்திரங்களை முதல் வகுப்பு முதல் ஆறாம் வகுப்பு வரை பிரித்துவைப்பது கிரேக்கர் காலத்து வழக்கம். வகுப்புக்கு வகுப்பு ஒளி சமமாகக் குறைவதுபோல் கண்ணுக்குத் தோன்றும். உண்மையில் அது ஒரே விகிதத்தில் வகுபட்டுக்கொண்டு போகிறது. இதை உங்கள் விதிக்குச் சான்றாகக் காட்டினீர்கள். அந்த விகிதத்தை 2.512 என்று வைத்துக்கொள்ளலாம், முதல் வகுப்பு ஆறாம் வகுப்பைவிட நூறு மடங்கு ஒளி என்று ஆகும் என 1856-ல் முன்மொழிந்தவர் ஆங்கிலேய வானியலாளர் நார்மன் போக்சன். அவர் 1861-ல் சென்னைக்கு வந்து, நுங்கம்பாக்கத்து வானாய்வகத்தின் பொறுப்பை ஏற்று, 1891-ல் சாகும்வரை இங்கேயே இருந்தார். அவருக்கு உதவியாளராக இருந்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி 1867-ல் ஒளி மாறும் நட்சத்திரம் ஒன்றைக் கண்டுபிடித்தவர். அதோடு, வானத்தைப் பார்த்துச் சரிபார்த்துத்தான் பஞ்சாங்கம் கணிக்க வேண்டும் என்று வாதாடித் திருக்கணிதப் பஞ்சாங்கமும் வெளியிட்டார். நீங்களும் அவரும் ஒரு மாலை உட்கார்ந்து பேசியிருந்தால் விடியும்வரை முடிந்திருக்காது. இரண்டு பேருக்குமே வானம் சாமி சம்பந்தப்பட்ட இடம். இரண்டு பேருமே அங்கே தொலைநோக்கியை நீட்டுவதைப் பாவமாக நினைக்கவில்லை.

டெசிபலையும் சொல்ல வேண்டும். அந்த அலகை உண்டாக்கியது நீங்கள் இல்லை, அமெரிக்காவின் பெல் தொலைபேசி நிறுவனத்துப் பொறியாளர்கள். ஆனாலும் ஒலியை மடக்கையால் அளப்பது காதுக்குப் பொருத்தமாக அமைவதன் காரணம் நீங்கள் சொன்னதுதான். ஆடி மாதம் எங்கள் தெரு அம்மனுக்குக் கூழ் ஊற்றும்போது நாலு மூலையிலும் குழாய் ஒலிபெருக்கி கட்டுவார்கள். குடியிருப்புப் பகுதியில் பகலில் 55, இரவில் 45 டெசிபல் என்பது 2000-ஆம் ஆண்டு வந்த விதி. அளந்தால் 75 காட்டும். இருபதுதானே சார் கூட என்பார் விழாக் குழுத் தலைவர். அந்த இருபதுக்கு ஒலியாற்றல் நூறு மடங்கு என்று அவருக்கு விளக்க ஒவ்வோர் ஆடியிலும் முயன்று தோற்கிறேன். பெருக்கலைக் கூட்டலாகக் கேட்டுக்கொள்கிற காது அவருக்கும் இருக்கிறதே, உங்கள் விதி அவர் பக்கம் நின்றுவிடுகிறது.

விதி எல்லா இடத்திலும் பொருந்தவில்லை என்பதும் உங்கள் காதுக்கு எட்டியிருக்கும். மிக மெல்லிய தூண்டலிலும் மிகக் கடுமையான தூண்டலிலும் கணக்கு உதைக்கிறது. அமெரிக்க உளவியலாளர் ஸ்டீவன்ஸ் 1961-ல் உங்களைக் கௌரவித்துக்கொண்டே உங்கள் விதியை ரத்து செய்யக் கோரிக் கட்டுரை எழுதினார். ஆனால் அளக்க நீங்கள் வகுத்த முறைகள் நிற்கின்றன. காது பரிசோதனை அறையில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு, கேட்டால் பொத்தானை அழுத்துங்கள் என்று சொல்கிறார்களே, அது உங்கள் வம்சாவளி. லைப்சிக்கில் 1879-ல் உளவியலுக்கென்று ஆய்வகம் தொடங்கிய வுண்ட் உங்கள் தோளில் ஏறி நின்றவர். ஃபிராய்ட் உங்களை மரியாதையோடு மேற்கோள் காட்டினார். வில்லியம் ஜேம்ஸ்தான் வேடிக்கை: உங்கள் அளவைகளை ஒரு காலத்தில் பயனற்றவை என்று கிண்டல் செய்தவர், கடைசிக் காலத்தில் உங்கள் பூமித் தேவதூதரை மனமுருகிப் பாராட்டினார். ஒரு பாதி போதும் என்று எடுத்துக்கொண்டவர்கள்தான் அநேகம் பேர்.

முழுவதையும் எடுத்துக்கொள்வதாகச் சொல்லும் நான், ஒரு விஷயத்தில் உங்களிடம் குறைபட்டுக்கொள்ளவும் வேண்டும். 1877 கடைசியில் ஹென்றி ஸ்லேடு என்ற அமெரிக்க ஆவி ஊடகர் லைப்சிக்குக்கு வந்தார். முந்தின வருடம்தான் லண்டன் நீதிமன்றத்தில் மோசடி வழக்கில் மாட்டித் தண்டனை பெற்று, மேல்முறையீட்டில் சட்ட நுணுக்கத்தால் தப்பியவர். உங்கள் நண்பர் ட்ஸோல்னர், நல்ல வானியற்பியலாளர், ஸ்லேடின் வித்தைகளில் நான்காம் பரிமாணத்தைக் கண்டார். நீங்களும் சில அமர்வுகளுக்குப் போனீர்கள். வுண்டும் போனார், அவர் நம்பவில்லை, வெளிப்படையாக எதிர்த்து எழுதினார். நீங்களோ, விருப்பமே இல்லாமல், ஆனாலும் ஏதோ இருக்கத்தான் செய்கிறது என்று 1879-ல் எழுதிவிட்டீர்கள். வயது எழுபத்தெட்டு, கண்ணில் புரை, நண்பர்மீது பாசம். எல்லாம் புரிகிறது. ஆனால் ஐயா, எடையை 24,576 தடவை தூக்கிப் பார்த்த நீங்கள் ஆவி எழுதியதாக ஸ்லேடு காட்டிய பலகையை ஒரு தடவையாவது புரட்டிப் பார்த்திருக்கலாம். உங்கள் பூச்செடியும் பூமியும் எனக்கு நெருடவில்லை. அவற்றால் யாரும் டிக்கெட் விற்கவில்லை.

இத்தனைக்கும் அதே 1879 புத்தகம்தான் நீங்கள் எழுதியவற்றிலேயே எனக்கு நெருக்கமானது. லைப்சிக்கின் ரோசன்டால் பூங்காவில் ஒரு பெஞ்சில் உட்கார்ந்து, நோயில் தளர்ந்த கண்ணால் புல்வெளியைப் பார்க்கிறீர்கள். பச்சை விரிந்துகிடக்கிறது, பூக்கள், பறவைச் சத்தம், பொழுதுபோக்க வந்த ஜனங்கள். அப்போது நினைவு வருகிறது: இயற்பியல் சொல்கிறபடி இந்தப் பச்சை வெளியில் இல்லை, இந்தப் பாட்டும் வெளியில் இல்லை, வெளியே இருப்பது இருட்டும் மௌனமுமான அலைகள், நிறமும் ஓசையும் நம் மூளைக்குள் மட்டும். இதை இரவுப் பார்வை என்றீர்கள். அதற்கு மாற்றாக நீங்கள் வைத்தது பகல் பார்வை: உலகம் தானே ஒளிர்கிறது, தானே ஒலிக்கிறது, ஏனென்றால் அதைக் காண்கிற பெரிய மனம் ஒன்று உண்டு. அந்தப் பெரிய மனத்தை நான் நம்புகிறேனா என்று கேட்டால், பெரியப்பாவையும் பெரியம்மாவையும் மாறி மாறிப் பார்ப்பேன். ஆனால் இரவுப் பார்வையால் மனிதன் எதை இழக்கிறான் என்று இவ்வளவு துல்லியமாகச் சொன்னவர், அந்த இரவுப் பார்வையின் கணிதத்திலேயே கை தேர்ந்தவர் என்பதுதான் என்னை வணங்க வைக்கிறது. வெளியே நின்று அறிவியலைச் சபிக்கிறவர்களின் புலம்பல் எங்களிடம் நிறைய இருக்கிறது. உள்ளே உட்கார்ந்து வேலை செய்துகொண்டே குறை சொல்ல ஆள் குறைவு.

கடைசியாக டிரெஸ்டன் விஷயம். 1871-ல் அங்கே ஓவியர் ஹோல்பைனுடைய மடோனா என்று சொல்லப்பட்ட இரண்டு படங்களை அருகருகே வைத்தார்கள். எது மூலம், எது நகல் என்று கலை அறிஞர்களுக்குள் பெரிய சண்டை. மாதா படத்தின் அழகை அறிஞர்கள் மட்டுமா தீர்மானிப்பது, பார்க்க வருகிற ஜனங்களைக் கேட்போமே என்று நீங்கள் பக்கத்திலேயே ஒரு குறிப்பேட்டை வைத்தீர்கள். வந்தவர்கள் பதினோராயிரம் பேருக்கும் மேல். எழுதியவர்கள் 113 பேர். அந்த 113-லும் பலர் கேட்ட கேள்விக்குப் பதில் எழுதாமல் வேறெதையோ எழுதிவைத்திருந்தார்கள். சோதனை படுதோல்வி. நீங்கள் குறிப்பேட்டை மூடி அலமாரியில் போட்டுவிடவில்லை. எத்தனை பேர் வந்தார்கள், எத்தனை பேர் எழுதினார்கள், எத்தனை செல்லாது என்று கணக்கோடு அச்சிட்டீர்கள். பிரபஞ்சத்துக்கே உயிர் உண்டு என்று நம்பியவரின் வரவு செலவில் இந்த நஷ்டமும் ஏறியிருக்கிறது. எங்கள் பக்கம் அற்புதம் நடந்த கணக்கு மட்டுமே எழுதப்படுகிறது. நடக்காமல் போன நாட்களின் குறிப்பேட்டை யாரும் அச்சிடக் காணோம். நீங்கள் அச்சிட்டதற்கு நன்றி.

இப்படிக்கு,
உங்கள் வாசகன்,
சென்னையிலிருந்து